பாஸ்போர்ட்டில் பிறந்த தேதி தவறாக இருந்தால்: பெங்களூரில் இருப்பவர்கள் திருத்தும் வழி

பிறந்த தேதியைத் திருத்தக் கிளம்புகிறவர்கள் பெரும்பாலும் முதல் வேலையாக ஆன்லைனில் பணம் கட்டி அப்பாயின்ட்மென்ட் எடுத்துவிடுகிறார்கள். அது கடைசியாகச் செய்ய வேண்டியது. லால்பாக் சாலையிலோ மாரத்தஹள்ளி சாய் ஆர்கேடிலோ உள்ள பாஸ்போர்ட் சேவா கேந்திராவில் போய் நின்ற பிறகுதான், கையில் இருக்கும் காகிதங்கள் ஒன்றுக்கொன்று முரண்படுகின்றன என்பதே பலருக்குத் தெரியவருகிறது. முகவரி மாற்றம் மாதிரியான வேலை இல்லை இது. பிறந்த தேதி என்பது ஆளை அடையாளம் காட்டும் விவரம் என்பதால் அதை மாற்ற ஒரு அதிகாரி மனம் ஒப்பி முடிவெடுக்க வேண்டும். அவர் மனதில் இருக்கும் கேள்விகள் இரண்டே: பழைய தேதியை எந்தக் காகிதத்தைக் காட்டி வாங்கினீர்கள்? இப்போது கொண்டுவந்திருக்கும் காகிதத்தை அதைவிட ஏன் நம்ப வேண்டும்? இந்த இரண்டுக்கும் பதில் தயாராக இருந்தால் மற்றதெல்லாம் நடைமுறைதான்.

தவறு எங்கே பிறந்தது என்று கண்டுபிடியுங்கள்

பழைய விண்ணப்பத்தின் நகலும் அப்போது கொடுத்த ஆவணங்களின் ஜெராக்ஸும் வீட்டில் இருந்தால் தேடி எடுங்கள். இல்லையென்றால், உங்கள் சொந்தக் கோப்பில் பிறந்த தேதிக்கு என்ன ஆதாரம் வைக்கப்பட்டது என்று தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம். மத்திய அரசின் ஆர்டிஐ தளத்தில் விண்ணப்பக் கட்டணம் 10 ரூபாய். பாஸ்போர்ட்டை வழங்கிய மண்டல அலுவலகத்துக்கு அனுப்புங்கள். சென்னையில் வாங்கியதென்றால் சென்னைக்கு. பழைய கோப்பு இன்னும் அவர்களிடம் இருந்தால் பதில் கிடைக்கும்.

தமிழ்க் குடும்பங்களில் இந்தத் தவறு வரும் வழிகள் சில உண்டு. பரவலானது பள்ளிக்கூடத் தேதி. ஜூனில் பள்ளி திறக்கும்போது பிள்ளைக்கு 5 வயது நிரம்பியிருக்க வேண்டும் என்பதற்காகத் தலைமையாசிரியரே ஒரு தேதியைப் போட்டுச் சேர்த்துக்கொள்வார். ஒரு தலைமுறைக்கே டிசியில் (பள்ளி மாற்றுச் சான்றிதழில்) மே, ஜூன் மாதப் பிறந்தநாள் வரிசையாக இருப்பது அதனால்தான். அந்தத் தேதி பத்தாம் வகுப்புச் சான்றிதழுக்குப் போய், அங்கிருந்து பாஸ்போர்ட்டுக்கு வந்துவிடும்.

ஒரே ஒரு நாள் வித்தியாசம் என்றால் ஜாதகத்தைப் பாருங்கள். பஞ்சாங்கக் கணக்கில் சூரிய உதயத்தில்தான் நாள் மாறும். செவ்வாய் இரவு தாண்டி 2 மணிக்குப் பிறந்த குழந்தையை வீட்டில் செவ்வாய்க்கிழமைப் பிள்ளை என்பார்கள். ஆஸ்பத்திரிப் பதிவில் அது புதன்கிழமை. பாஸ்போர்ட் அலுவலகத்தில் நள்ளிரவுக் கணக்குதான் செல்லுபடியாகும். ஜாதகத்தை ஆதாரமாக ஏற்பதில்லை, எனவே இந்த வித்தியாசத்தில் நியாயம் எப்போதும் பதிவேட்டின் பக்கம்தான். இன்னொன்று தமிழ் மாதக் குழப்பம்: ‘ஆடி 10’ என்று பெரியவர்கள் சொன்னதை யாரோ ஜூலை 10 என்று எழுதியிருப்பார்கள், ஆடி 10 ஜூலை கடைசி வாரத்தில் வரும். தேதியே தெரியாதவர்களுக்கு ஜனவரி 1 என்று போட்டு நிரப்பியதும் உண்டு, முக்கியமாக ஐம்பது, அறுபதுகளில் பிறந்தவர்களுக்கு.

இதையெல்லாம் தோண்டுவதற்குக் காரணம் இருக்கிறது. ‘தவறாகிவிட்டது’ என்று மட்டும் எழுதிய விண்ணப்பத்தைவிட, ‘1982-ல் பள்ளியில் சேர்த்தபோது பிறப்புச் சான்றிதழ் கேட்கப்படவில்லை, தோராயமான தேதி பதிவானது, பிறந்த ஆண்டிலேயே செய்த பிறப்புப் பதிவின் நகல் இது’ என்று காரணத்தோடு வரும் விண்ணப்பத்தில் அதிகாரிக்கு எழுத ஏதாவது இருக்கிறது.

அச்சுப் பிழை என்றால் உடனே போங்கள்

நீங்கள் சரியாகக் கொடுத்து, அவர்கள் அச்சிட்டது தவறாக இருந்தால் விஷயம் எளிது. பாஸ்போர்ட் கைக்கு வந்த அன்றே தேதியை இரண்டு இடங்களில் சரிபாருங்கள். ஒன்று, படம் உள்ள பக்கத்தில் நாள், மாதம், ஆண்டு. இன்னொன்று, அதே பக்கத்தின் அடியில் கருவி படிக்கும் இரண்டு வரிகளில் கீழ் வரி. அதில் ஆண்டு, மாதம், நாள் என்ற வரிசையில் 6 இலக்கம் இருக்கும். 1985 ஜூலை 14 என்றால் 850714. வரிசை தலைகீழாக இருப்பதைப் பார்த்துப் பதற வேண்டாம், அது அப்படித்தான் இருக்கும்.

பிழை இருந்தால் பயன்படுத்தாமல், பயணம் போகாமல், விண்ணப்ப ரசீதோடு கோரமங்களா 8-வது பிளாக் 80 அடி சாலையில் உள்ள மண்டல பாஸ்போர்ட் அலுவலகத்தின் விசாரணைப் பிரிவுக்குப் போங்கள். பிழை அவர்களுடையது என்று கோப்பில் தெரிந்தால் கட்டணமில்லாமல் மாற்றித் தரக் கேட்கலாம். மூன்று வருடம் கழித்துப் போனால் அதே வேண்டுகோள் வலுவிழந்துவிடும். கேந்திராவில் முதல் கவுன்டரில் உங்கள் விவரத்தைத் திரையில் காட்டிச் சரிபார்க்கச் சொல்லும்போது வேகமாகத் தலையாட்டிவிட்டு நகர்வதால்தான் இந்தப் பிழைகளில் பல வருகின்றன.

எந்தக் காகிதம் செல்லும்

2025 பிப்ரவரியில் பாஸ்போர்ட் விதிகள் திருத்தப்பட்டன. 2023 அக்டோபர் 1 அன்றும் அதற்குப் பிறகும் பிறந்தவர்களுக்குப் பிறப்புச் சான்றிதழ் ஒன்றே ஆதாரம். அதற்கு முன் பிறந்தவர்களுக்குப் பிறப்புச் சான்றிதழ், பள்ளி மாற்றுச் சான்றிதழ் அல்லது பத்தாம் வகுப்புச் சான்றிதழ், பான் கார்டு, ஓட்டுநர் உரிமம், வாக்காளர் அட்டை, எல்ஐசி பாலிசிப் பத்திரம், அரசு ஊழியர் என்றால் பணிப்பதிவேட்டின் பகுதி அல்லது ஓய்வூதிய ஆணை ஆகியவை பட்டியலில் உள்ளன.

பட்டியலைப் படித்துவிட்டு, பான் கார்டில் சரியான தேதி இருக்கிறதே, அது போதுமே என்று நினைக்கக் கூடாது. முதல்முறை பாஸ்போர்ட் வாங்குகிறவருக்கு அது போதும். ஏற்கெனவே பதிவான தேதியை மாற்றக் கேட்கும்போது, பழைய ஆதாரத்தை வெல்லும் பலம் வேண்டும். பான், வாக்காளர் அட்டை, ஆதார் எல்லாம் வேறொரு காகிதத்தைப் பார்த்து எழுதப்பட்டவை. பிறப்புப் பதிவேடு மட்டும்தான் பிறப்பு நடந்ததைப் பார்த்து எழுதப்படுவது. 1969 பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின் பலம் அதற்கு இருக்கிறது. ஆதார் வயதுக்கு ஆதாரம் ஆகாது என்று 2024-ல் உச்ச நீதிமன்றமும் சொல்லியிருக்கிறது. ஆகவே உழைப்பு முழுவதையும் பிறப்புச் சான்றிதழில் போடுங்கள்.

ஊரிலிருந்து பிறப்புச் சான்றிதழ் எடுப்பது

பெங்களூர்த் தமிழர்களில் பலருக்குப் பிறந்த ஊர் கிருஷ்ணகிரி, தர்மபுரி, வேலூர், சேலம் பக்கம். தலைப்பிரசவத்துக்குத் தாய்வீடு போவது வழக்கம் என்பதால், அல்சூரிலோ ஸ்ரீராமபுரத்திலோ வளர்ந்தவருக்கும் பதிவு அம்மாவின் ஊரில் இருக்கும். பிறந்த இடத்தில்தான் பதிவு இருக்கும். பெற்றோர் குடியிருந்த இடத்தில் தேடிப் பலனில்லை.

மாநகராட்சி, நகராட்சி எல்லைக்குள் பிறந்திருந்தால் அந்த அலுவலகத்தின் சுகாதாரப் பிரிவு. கிராமம் என்றால் பழைய பதிவேடுகள் தாலுகா அலுவலகத்திலோ சார்பதிவாளர் அலுவலகத்திலோ இருக்கும். கிராம நிர்வாக அலுவலரைக் கேட்டால் அந்த ஊருக்கு எது என்று சொல்வார். 2018-க்குப் பிந்தைய பதிவுகள் தமிழ்நாடு அரசின் பிறப்பு இறப்புப் பதிவு இணையதளத்தில் கிடைக்கும். சனி, ஞாயிறில் ஊருக்குப் போய் இந்த வேலை ஆகாது. மே, ஜூனில் ஜமாபந்தி (கிராம வருவாய்க் கணக்குத் தணிக்கை) நடக்கும் நாட்களிலும் தாலுகா அலுவலகத்தில் பதிவேட்டைத் தேடித் தர ஆள் கிடைப்பது கஷ்டம். தேடச் சொல்லும்போது ஒரே தேதியைக் கொடுக்காமல், முன்னும் பின்னுமாக ஓர் ஆண்டு பார்க்கச் சொல்லுங்கள். அப்பா பெயர், அம்மா பெயர், தெரு, எத்தனையாவது குழந்தை என்ற விவரங்களை எழுதிக் கொடுங்கள், ஏனென்றால் பழைய பதிவுகளில் குழந்தையின் பெயர் இருக்காது.

கர்நாடகத்தில் பிறந்தவர்களுக்கு இ-ஜன்மா என்ற மாநிலத் தளம் இருக்கிறது. கேஜிஎஃப் (கோலார் தங்கவயல்) போன்ற ஊர்களின் பழைய பதிவுகளுக்கு உள்ளூர் நகராட்சி அலுவலகத்தில் நேரில் கேட்க வேண்டியிருக்கும்.

சான்றிதழ் கைக்கு வந்ததும் இவற்றைப் பாருங்கள்:

- உங்கள் பெயர் இருக்கிறதா? ‘ஆண் குழந்தை’ என்று மட்டும் இருந்தால் முதலில் பெயர் சேர்க்க வேண்டும். பெயர் இல்லாத சான்றிதழ் உங்களுடையதுதான் என்று கேந்திராவில் நிரூபிக்க முடியாது.
- பெற்றோர் பெயர்கள் பாஸ்போர்ட்டில் உள்ள மாதிரியே இருக்கின்றனவா? ‘முனுசாமி’ ஓரிடத்தில் ‘முனிசாமி’ ஆகியிருந்தால் அதையும் இப்போதே திருத்துங்கள்.
- பதிவு செய்த நாள் என்ன? பிறந்த நாளுக்குப் பக்கத்தில் செய்த பதிவு தங்கம். சென்ற மாதம் செய்த பதிவு என்றால் அதிகாரி கட்டாயம் கேள்வி கேட்பார்.
- கையெழுத்தில், தமிழில் மட்டும் இருக்கிறதா? அதே பதிவிலிருந்து ஆங்கிலமும் உள்ள புது அச்சு நகல் வாங்குங்கள். பெங்களூர்க் கவுன்டரில் இருப்பவருக்குத் தமிழ் படிக்கத் தெரியும் என்று நம்பிப் போகக் கூடாது.

பதிவே இல்லையென்றால், பதிவு இல்லை என்பதற்கு ஒரு சான்று வாங்கி, தாமதப் பதிவுக்கு விண்ணப்பிக்க வேண்டும். ஓராண்டுக்கு மேல் தாமதமான பதிவுக்கு முன்பு நீதித்துறை நடுவரின் உத்தரவு வேண்டியிருந்தது. 2023 அக்டோபர் 1 முதல் நடைமுறைக்கு வந்த சட்டத் திருத்தத்தின்படி மாவட்ட ஆட்சியர், கோட்ட அளவிலான நடுவர், அல்லது ஆட்சியர் அதிகாரம் அளித்த நிர்வாக நடுவர் உத்தரவிடலாம். தமிழ்நாட்டில் கோட்டாட்சியர் அலுவலகத்தில் விசாரியுங்கள்.

பதிவேட்டிலேயே தேதி தவறு என்றால் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின் 15-வது பிரிவின் கீழ் பதிவாளரே திருத்தலாம். உண்மை தெரிந்த, நம்பத்தக்க இருவரின் உறுதிமொழியும் ஆஸ்பத்திரி டிஸ்சார்ஜ் சீட்டு போன்ற ஆதாரமும் கேட்பார்கள். அசல் பதிவை அழிக்காமல் ஓரத்தில் குறிப்பெழுதுவார்கள். எக்காரணம் கொண்டும் வேறொரு ஊரில் இரண்டாவது பிறப்புப் பதிவு செய்யாதீர்கள். ஏஜெண்டுகள் சொல்லும் இந்தக் குறுக்கு வழி, இரண்டு பிறப்புச் சான்றிதழ் உள்ள ஆளாக உங்களை மாற்றிவிடும். அதன் பிறகு ஒன்றை ரத்து செய்ய வழக்காடாமல் எந்த அலுவலகமும் அசையாது.

பத்தாம் வகுப்புச் சான்றிதழ் வேறு தேதி சொன்னால்

பிறப்புச் சான்றிதழில் ஒரு தேதி. எஸ்எஸ்எல்சியில், பாஸ்போர்ட்டில், பானில், பிஎஃபில், வேலையில் எல்லாம் இன்னொரு தேதி. இந்த நிலையில் பாஸ்போர்ட்டை மட்டும் மாற்றினால் மற்ற அத்தனையோடும் அது மோதும். எஸ்எஸ்எல்சி தேதியைப் பொதுத்தேர்வு முடிந்து சான்றிதழ் வந்த பிறகு லேசில் மாற்ற மாட்டார்கள். பெரும்பாலும் நீதிமன்ற உத்தரவு தேவைப்படும். அரசு வேலையில் இருப்பவர்களுக்குப் பணிப்பதிவேட்டுத் தேதியை மாற்றுவது இன்னும் கடினம்.

இப்படிப்பட்டவர்கள் உண்மையிலேயே மாற்ற வேண்டிய தேவை இருக்கிறதா என்று யோசிக்க வேண்டும். வெளிநாட்டுக் குடியேற்றம் மாதிரி பிறப்புச் சான்றிதழும் பாஸ்போர்ட்டும் ஒன்றாக இருந்தே ஆக வேண்டிய தேவை என்றால், உரிமையியல் நீதிமன்றத்தில் ‘என் பிறந்த தேதி இது’ என்று அறிவிக்கக் கோரும் வழக்குப் போட்டு, அந்தத் தீர்ப்பை வைத்து எல்லா ஆவணங்களையும் வரிசையாக மாற்றுவதே நிற்கும் வழி. காலமும் செலவும் ஆகும், ஆனால் பாதியில் நிற்காது. அரசிதழில் வெளியிட்டால் பிறந்த தேதி மாறிவிடும் என்று சொல்கிறவர்களுக்குப் பணம் கொடுக்க வேண்டாம். அரசிதழ் வெளியீடு பெயர் மாற்றத்துக்கு உதவும். பிறந்த தேதிக்கு அது ஆதாரம் ஆகாது.

எஸ்எஸ்எல்சியும் பிறப்புச் சான்றிதழும் ஒத்துப்போய், பாஸ்போர்ட் மட்டும் வேறாக இருப்பவர்களுக்கு இந்தத் தலைவலி எதுவும் இல்லை. நேராக விண்ணப்பிக்கலாம்.

எந்த வரிசையில் மாற்றுவது

பிறப்புச் சான்றிதழ் உறுதியானதும் பானையும் ஆதாரையும் திருத்துங்கள். ஆதாரில் பிறந்த தேதியைச் சாதாரணமாக ஒரே ஒரு முறைதான் மாற்ற விடுவார்கள், ஆகவே பிறப்புச் சான்றிதழ் கையில் இல்லாமல் அந்த வாய்ப்பைச் செலவழிக்கக் கூடாது. இவை இரண்டும் சரியான தேதிக்கு வந்த பிறகு பாஸ்போர்ட்டுக்கு வாருங்கள். கேந்திராவில் ஆதாரை அடையாளத்துக்காகக் காட்டும்போது அதில் பழைய தேதி இருந்தால், நீங்களே உங்களுக்கு எதிரான சாட்சியைக் கையில் கொண்டுபோன கதைதான்.

விண்ணப்பம்

வெளியுறவு அமைச்சகத்தின் பாஸ்போர்ட் சேவா தளத்திலோ எம்பாஸ்போர்ட் சேவா செயலியிலோ மட்டும் விண்ணப்பியுங்கள். தளத்தின் முகவரி ஜிஓவி டாட் இன் என்று முடிய வேண்டும்; அதே தோற்றத்தில் கூடுதல் பணம் வாங்கும் தளங்கள் நிறைய உண்டு. ‘மறு வெளியீடு’ என்பதைத் தேர்ந்து, காரணத்தில் ‘தனிப்பட்ட விவரங்களில் மாற்றம்’ என்பதையும் அதற்குள் பிறந்த தேதியையும் குறியுங்கள். பாஸ்போர்ட் காலாவதியாகியிருந்தாலோ பக்கங்கள் தீர்ந்திருந்தாலோ அதையும் அதே விண்ணப்பத்தில் சேர்த்துக் குறிக்கலாம். காலாவதிக்காகப் புதுப்பிப்பதாக மட்டும் சொல்லிவிட்டு, பிறந்த தேதிப் பெட்டியில் புதுத் தேதியை நிரப்பினால் கணினி பழைய பதிவோடு ஒப்பிட்டுக் காட்டிவிடும், மறைக்க முயன்றதாகத் தோன்றும்.

கட்டணம் பெரியவர்களுக்கு 36 பக்கம் 1,500 ரூபாய், 60 பக்கம் 2,000. 18 வயதுக்குட்பட்டவர்களுக்கு 36 பக்கம் 1,000. தட்கலுக்கு 2,000 கூடுதல், ஆனால் இந்த வேலைக்குத் தட்கல் வேண்டாம். அப்பாயின்ட்மென்ட் சீக்கிரம் கிடைக்கலாம். அதிகாரியின் முடிவு அதனால் சீக்கிரம் வராது. அவசரப் பயணம் இருந்தால் பயணத்தை முடித்துவிட்டு விண்ணப்பியுங்கள், ஏனென்றால் கேந்திராவிலேயே பழைய பாஸ்போர்ட்டை ரத்து செய்துவிடக்கூடும்.

2018 முதல் நாட்டின் எந்த மண்டலத்திலும் விண்ணப்பிக்கலாம் என்பதால் தமிழ்நாட்டு முகவரிக்காரர்களும் பெங்களூரிலேயே செய்யலாம். போலீஸ் விசாரணை மட்டும் நீங்கள் எழுதும் முகவரியில் நடக்கும். இங்கே வாடகை வீட்டு முகவரி கொடுப்பவர்கள் கவனிக்க: முத்திரைத்தாளில் எழுதிய 11 மாத ஒப்பந்தம் போதாது, பதிவு செய்த ஒப்பந்தம்தான் பட்டியலில் உள்ளது. ஆதாரில் முகவரியை மாற்றிவிடுங்கள், அல்லது படம் ஒட்டிய வங்கி பாஸ்புக், கேஸ் இணைப்பு ரசீது போன்றவற்றைப் பயன்படுத்துங்கள்.

கேந்திராவில்

அசல்கள் எல்லாம், ஒவ்வொன்றுக்கும் ஒரு ஜெராக்ஸ், பழைய பாஸ்போர்ட்டுகள் அனைத்தும், அவற்றின் முதல் இரண்டு, கடைசி இரண்டு பக்கங்களின் நகல். இதோடு ஒரு பக்கத்துக்கு மிகாமல் விளக்கக் கடிதம் எழுதிக் கொண்டுபோங்கள்: பழைய தேதி எந்த ஆவணத்தால் வந்தது, அது ஏன் தவறு, சரியான தேதிக்கு என்ன ஆதாரம், இதுவரை அந்தப் பாஸ்போர்ட்டில் எந்த நாடுகளுக்குப் போனீர்கள். ஆங்கிலத்தில் இருக்கட்டும், கையெழுத்திடுங்கள்.

ஏ கவுன்டரில் படமும் கைரேகையும் எடுப்பார்கள். பி கவுன்டரில் ஆவணச் சரிபார்ப்பு. சி கவுன்டரில் இருப்பவர்தான் முடிவெடுப்பவர். கேட்ட கேள்விக்கு மட்டும் பதில் சொல்லி, கடிதத்தைக் கொடுங்கள். பிறந்த தேதி விஷயத்தில் அங்கேயே முடிக்காமல் கோரமங்களா மண்டல அலுவலகத்துக்கு அனுப்புவது வழக்கமான நடைமுறைதான், நிராகரிப்பு இல்லை. வெளியே வரும்போது தரும் ரசீதில் கோப்பு எண் இருக்கும். அதை வைத்துத் தளத்தில் நிலையைப் பார்க்கலாம். பொதுத் தகவலுக்கு 1800-258-1800 என்ற இலவச எண் உண்டு.

2015-ல், பாஸ்போர்ட் வாங்கிய 5 ஆண்டுக்குள் கேட்டால்தான் தேதி மாற்றத்தைப் பரிசீலிப்போம் என்று ஒரு கெடு வந்தது. பின்னர் அது நீக்கப்பட்டது. இன்றும் சில ஏஜெண்டுகள் அதைச் சொல்லிப் பயமுறுத்துகிறார்கள். சிறுவயதில் பெற்றோர் வாங்கிக் கொடுத்த பாஸ்போர்ட்டில் தவறு இருந்து, 18 வயதானதும் பிறப்புச் சான்றிதழோடு திருத்த வருபவர்களை அதிகாரிகள் பொதுவாக எளிதாகவே ஏற்கிறார்கள், தவறு அவர்கள் செய்ததில்லை என்பதால்.

ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்ல வேண்டும். வேலைக்கு வயது போதவில்லை என்று முன்பு வேண்டுமென்றே வயதைக் கூட்டி வாங்கியவர்கள், இப்போது ‘அச்சுப் பிழை’ என்று எழுதக் கூடாது. பாஸ்போர்ட் சட்டம் 1967-ன் 12-வது பிரிவில், பொய்த் தகவல் கொடுப்பதற்கு 2 ஆண்டு வரை சிறை அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும் என்று இருக்கிறது. இந்த நிலையில் இருப்பவர்கள் விண்ணப்பிக்கும் முன் வழக்கறிஞரைப் பார்ப்பது நல்லது.

மறுத்துவிட்டால்

வாய்மொழியாக ‘முடியாது’ என்று சொன்னால் அதோடு திரும்பி வராதீர்கள். காரணத்தை எழுத்தில் கேளுங்கள். மறுக்கும்போது காரணத்தைப் பதிவு செய்து, கேட்டால் நகல் தர வேண்டும் என்று பாஸ்போர்ட் சட்டத்தின் 5-வது பிரிவு சொல்கிறது. அந்த உத்தரவு கிடைத்த 30 நாளுக்குள் 11-வது பிரிவின்படி டெல்லியிலுள்ள தலைமை பாஸ்போர்ட் அதிகாரியிடம் மேல்முறையீடு செய்யலாம். அங்கும் ஆகாவிட்டால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. எழுத்தில் உத்தரவு இல்லாமல் இந்த இரண்டு கதவும் திறக்காது.

புதுப் பாஸ்போர்ட் வந்த பிறகு

பழைய பாஸ்போர்ட்டை மூலையை வெட்டித் திருப்பித் தருவார்கள். அதில் செல்லுபடியாகும் விசா இருந்தால், புதுத் தேதியோடு அது ஒத்துப்போகாது. டிக்கெட் போடும் முன் அந்த நாட்டுத் தூதரகத்தில் கேட்டு, தேவையென்றால் விசாவை மாற்றி வாங்குங்கள். விமான நிலையத்தில் இரண்டையும் நீட்டி விளக்கம் சொல்லிக் கொள்ளலாம் என்று போக வேண்டாம். வளைகுடாவில் வேலை செய்பவர்கள் நிறுவனத்துக்கும் எழுத்தில் தெரிவித்து, அங்குள்ள குடியிருப்பு அட்டையில் மாற்ற வேண்டும். இங்கே வங்கி, பிஎஃப், காப்பீடு மூன்றுக்கும் புதுப் பாஸ்போர்ட், பிறப்புச் சான்றிதழ் இரண்டின் நகலையும் கொடுத்து ரசீது வாங்கி, அந்த ரசீதுகளைப் பழைய பாஸ்போர்ட்டோடு சேர்த்து ஒரே உறையில் வையுங்கள்.